அக்காவுக்குத் தனிச் சொல் இல்லாத மொழி

பஞ்சிங் மிஷின் நின்றுபோனதை வேல்விழி கவனிக்கவில்லை. இயர்போன் மாட்டிய காதுக்குள் ஒரு பெண் குரல், வீட்டுக்குப் போகிறேன் என்று ஆங்கிலத்தில் சொல்லி, கொஞ்சம் இடைவெளி விட்டு, அதையே தன் மொழியில் சொன்னது. வேல்விழியும் கூடவே சொன்னாள். "எச்சேரா நோவா." கரண்டு போய்க் கூடமே அடங்கிக் கிடந்த நேரம் அது. பட்டாசுப் பெட்டிக்கான அட்டைகளை மடியில் வைத்து ஓரக் கழிவை உதிர்த்துக்கொண்டிருந்த அத்தனை பேரும் திரும்பிப் பார்த்தார்கள்.

"யார்ட்டடி பேசுற?" என்று பக்கத்தில் இருந்த வெள்ளைத்தாய் கேட்டாள்.

"யார்ட்டயும் இல்ல மதினி. பாடம் கேக்கேன்."

"இங்கிலீசா?"

"இல்ல. இது வேற."

வெள்ளைத்தாய் அதற்கு மேல் கேட்கவில்லை. திருத்தங்கல்லில் அந்த அச்சாபீசுக்கு வேலைக்கு வருகிற பெண்களில் பாதிப் பேர் காதில் எதையாவது மாட்டிக்கொண்டுதான் வேலை செய்தார்கள். பாட்டு, சாமி கதை, வெளியூரில் இருக்கும் மகனின் புலம்பல். வேல்விழி காதில் நான்கு மாதமாக ஓடிக்கொண்டிருந்தது என்ன என்று யாருக்கும் தெரியாது. தெரிந்தாலும் விளங்கியிருக்காது. ஸ்பெயின் தேசத்தின் வடக்கு ஓரத்தில், மலைக்கும் கடலுக்கும் நடுவில் இருக்கிற கொஞ்சம் ஊர்களில் பேசுகிற மொழி. வெளியே பாஸ்க் என்று சொல்கிறார்கள். அவர்களே தங்கள் மொழிக்குச் சொல்லிக்கொள்ளும் பெயர் எவுஸ்காரா.

அவளுடைய தங்கை பேசுகிற மொழி அது.

தங்கைக்கு வீட்டில் வைத்த பெயர் மாரிசெல்வி. எம். புதுப்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசுக் கம்பெனியில் மருந்துக் கலவை அறை வெடித்து அப்பா பாலகுரு செத்துப்போனபோது அவள் நான்கு மாதக் குழந்தை. அடுத்த அறையில் திரி அடுக்கிக்கொண்டிருந்த அம்மா சண்முகத்தாய் அப்பாவை இழுத்துப்போட ஓடினாள். அவரை இழுக்க முடியவில்லை. இரண்டு கையும் முழங்கை வரை வெந்துவிட்டது. ஆறு மாதம் கட்டுப் போட்ட கையோடு கிடந்த அம்மாவால் பிள்ளையைத் தூக்க முடியாது, பால் கொடுக்க முடியாது, மூத்திரத் துணி மாற்ற முடியாது. ஒன்பது வயது வேல்விழிதான் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு எல்லாம் செய்தாள். சீனித்தண்ணியும் பக்கத்து வீட்டுக் கஞ்சியுமாக வளர்ந்த பிள்ளைக்கு வயிற்றுப்போக்கு விடவே இல்லை. ஆஸ்பத்திரியில் பார்த்த ஒரு பெண், மதுரைப் பக்கம் ஒரு இல்லம் இருப்பதாகவும், அங்கே விட்டால் பிள்ளை பிழைத்துக்கொள்ளும் என்றும் சொன்னாள். சண்முகத்தாயால் கைநாட்டு வைக்க முடியாததால், இல்லத்து ஆட்களே கட்டை அவிழ்த்து, அவள் பெருவிரல் நுனியை மையில் தொட்டுக் காகிதத்தில் பதித்தார்கள்.

இருபத்திரண்டு வருடத்துக்கு அப்புறம், போன தை மாதம், ராஜபாண்டியன் என்ற மனிதர் வீட்டைத் தேடிக்கொண்டு வந்தார். வெளிநாட்டுக்குத் தத்துப்போன பிள்ளைகளுக்குப் பெற்றவர்களைக் கண்டுபிடித்துக் கொடுக்கிறவர். கையில் ஒரு பழைய காகிதத்தின் நகல். அதில் அம்மாவின் கைரேகை, தேய்ந்துபோன ஒரு கறை மாதிரி இருந்தது. அம்மா அதைப் பார்த்தாள். பிறகு எழுந்துபோய் அடுப்படியில் நின்றுகொண்டாள்.

அந்த வார ஞாயிற்றுக்கிழமையே வீடியோவில் பேசினார்கள். ராஜபாண்டியன் நாற்காலியில் உட்கார்ந்து போனைப் பிடித்துக்கொண்டார். அம்மாவும் வேல்விழியும் பாயில். திரையில் ஒரு பெண். அப்பாவின் நெற்றி, அப்பாவின் அகன்ற பல்வரிசை, குட்டையாக வெட்டிய முடி. அமாயா என்று பெயர் சொன்னாள். ஒரு பள்ளிக்கூடத்தில் சின்னப் பிள்ளைகளுக்கு நீச்சல் சொல்லிக்கொடுக்கிறாளாம். அவள் ஆங்கிலத்தில் சொல்வதை ராஜபாண்டியன் தமிழில் சொன்னார். இவர்கள் சொல்வதை ஆங்கிலத்தில் சொன்னார். அம்மா முந்தானைக்குள் கைகளை மறைத்துக்கொண்டு, "சாப்பிட்டாளான்னு கேளுங்க சார்" என்று மட்டும் இரண்டு தடவை சொன்னாள். ஏன் கொடுத்தீர்கள் என்று அமாயா கேட்கவில்லை. அது காகிதத்திலேயே இருக்கிறது என்றாளாம். அவள் கேட்டது வேறு.

"போற அன்னைக்கு இவ கூட யாரு இருந்தான்னு கேக்குது. யாரு கொண்டுபோய்க் கொடுத்தான்னு" என்றார் ராஜபாண்டியன்.

வேல்விழி வாயைத் திறப்பதற்குள் அம்மா சொல்லிவிட்டாள். "நாந்தேன்."

ராஜபாண்டியன் அதை ஆங்கிலமாக்கினார். திரையில் இருந்தவள் தலையை ஆட்டினாள். ரொம்ப நேரம் ஆட்டினாள்.

அது உண்மை இல்லை. அன்றைக்கு அம்மா சுவரைப் பார்த்துப் படுத்துக்கொண்டு, "நீ தூக்கிட்டுப் போ, நான் வரல" என்றாள். ரோட்டில் இல்லத்து ஜீப் நின்றது. வேல்விழி பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு தெருவைக் கடந்து போனாள். ஜீப்பில் இருந்த பெண் கையை நீட்டியபோது பிள்ளை வேல்விழியின் சட்டைக் கழுத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு வீறிட்டது. விடவில்லை. கடைசியில் வேல்விழிதான் அந்த விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்துவிட்டாள். அவளிடம் ஒரு பிஸ்கட் பாக்கெட்டைக் கொடுத்தார்கள். வீட்டுக்கு வருவதற்குள் அதில் பாதியைத் தின்றிருந்தாள். அம்மா அதைப் பற்றி அன்றைக்கும் கேட்கவில்லை. அப்புறமும் கேட்கவில்லை. இவளும் சொன்னதில்லை. கட்டிக்கொண்டவனிடம்கூடச் சொன்னதில்லை.

சொல்லவேண்டும் என்று அன்றைக்குத்தான் தோன்றியது. ஆனால் ராஜபாண்டியன் வாய் வழியாகச் சொன்னால் அம்மா பொய் சொன்னதாக ஆகும். போனில் எழுதி அனுப்பலாம். அமாயா எழுதுகிற ஆங்கிலத்தைப் போன் தமிழாக்கிக் காட்டத்தான் செய்தது. "உங்கள் நாள் எவ்வாறு உள்ளது, என் அன்பு மூத்த சகோதரி" என்று அது காட்டும். படித்தால் கோர்ட்டு நோட்டீஸ் மாதிரி இருக்கும். இதைப் போய் அப்படியொரு எழுத்திலா சொல்வது?

இன்னொன்றும் இருந்தது. அந்த முதல் அழைப்பின் நடுவில் அமாயாவின் வீட்டுக்குள் யாரோ வந்தார்கள். அவள் திரும்பி என்னவோ சொன்னாள். ஒரே நொடிதான். ஆனால் குரலே மாறிப்போனது. அதுவரை ஒவ்வொரு சொல்லாகப் பார்த்துப் பார்த்து எடுத்து வைத்தவள், இதை வாயில் வந்தபடி சடசடவென்று கொட்டினாள், நடுவில் சிரித்தாள். அந்த வீட்டுக்குள் வளர்ந்தவள் அவள்தான் என்று வேல்விழிக்குப் பட்டது. இந்தப் பக்கம் திரும்பி ஆங்கிலம் பேசியவள் விருந்தாளி. அந்தக் குரல் தன்னிடம் ஒரு தடவையாவது பேசவேண்டும் என்று இருந்தது.

ராஜபாண்டியனிடம் போனில் கேட்டபோதுதான் அது எவுஸ்காரா என்று விசாரித்துச் சொன்னார். புதிதாகப் படிக்கிறவர்களுக்கான ஒலிப் பாடங்கள் யூடியூபில் கிடந்தன. பார்க்க ஒன்றும் இல்லை, கேட்க மட்டும்தான். முதலில் ஆங்கிலத்தில் அர்த்தம், அப்புறம் ஒரு பெண் மெதுவாகச் சொல்வாள், இடைவெளி, அப்புறம் ஓர் ஆண் வேகமாகச் சொல்வான். அந்த இடைவெளி நாம் திருப்பிச் சொல்வதற்கு. வேல்விழி பின்னால் பிரைவேட்டாகப் பத்தாவது எழுதிப் பாஸ் செய்தவள். அந்தச் சின்னச் சின்ன ஆங்கிலம் பிடிபட்டது. அச்சாபீசில் கழித்துப்போட்ட ஒரு டைரியில், கேட்டதைத் தமிழ் எழுத்தில் எழுதிவைத்துக்கொண்டாள்.

முதல் மாதம் எல்லாம் ஒரே இரைச்சலாக இருந்தது. மாசி கடைசியில் ஒருநாள் திருத்தங்கல் பஸ்ஸில் நின்றுகொண்டு வந்தபோது திடீரென்று பிடிபட்டது. எச்சே என்றால் வீடு. எச்சேரா என்றால் வீட்டுக்கு. எச்சேதிக் என்றால் வீட்டிலிருந்து. நம்மைப் போலவே சொல்லுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டே போகிறார்கள். வினையைக் கடைசியில் வைக்கிறார்கள். "வீட்டுக்குப் போறேன்" என்பதை அப்படியே அதே வரிசையில்தான் சொல்கிறார்கள். கம்பியைப் பிடித்துக்கொண்டு தனக்குத்தானே சிரித்தாள். முன்னால் நின்ற ஆள் தன்னைப் பார்த்துச் சிரிப்பதாக நினைத்து முகத்தைத் திருப்பிக்கொண்டான்.

ஆனால் அக்கா என்பதற்கு அங்கே சொல் இல்லை. பதினேழாவது பாடம் குடும்பத்தைப் பற்றியது. ஆணுக்குச் சகோதரி என்றால் ஒரு சொல், பெண்ணுக்குச் சகோதரி என்றால் வேறொரு சொல் என்று பிரித்து வைத்திருந்தார்கள். பெண்ணுக்குச் சகோதரி ஐஸ்பா. அவ்வளவுதான். மூத்தவளும் ஐஸ்பா, இளையவளும் ஐஸ்பா. யார் யாரை இடுப்பில் தூக்கினார்கள் என்று அந்தச் சொல்லில் தெரியாது. அந்தப் பாடத்தைத் திரும்பத் திரும்பக் கேட்டாள், எங்கேயாவது விட்டுப்போயிருக்குமோ என்று.

அவள் புருஷன் பாண்டிராஜ் லோடு வண்டி ஓட்டுகிறவன். மாமியாரையும் தன் வீட்டிலேயே வைத்துக்கொண்டிருப்பவன். பெண்டாட்டி பாத்திரம் விளக்கும்போதும் முணுமுணுப்பதைப் பார்த்து ஒருநாள் கேட்டான்.

"அந்தப் பிள்ளைக்குத்தேன் இங்கிலீஷ் தெரியுதே. ராஜபாண்டியன் சாரை வச்சுப் பேசுனா ஆகாதா? எதுக்கு இம்புட்டுப் பாடு?"

"எனக்கு நடுவுல ஆளு வேணாங்க."

"நீ படிச்சு முடிச்சு எப்பப் பேச?"

"முடிக்க வேணாம். எனக்கு ஒரு வரி வந்தாப் போதும்."

எந்த வரி என்று அவன் கேட்கவில்லை. மறுநாள் சாத்தூருக்கு லோடு இறக்கப் போனவன், ஒயர் அறுந்துபோன அவளுடைய பழைய இயர்போனுக்குப் பதிலாகப் புதிது ஒன்று வாங்கிவந்து ஆணியில் மாட்டிவைத்திருந்தான்.

அந்த ஒரு வரியை வேல்விழி பாடங்களில் தேடிக்கொண்டே இருந்தாள். சித்திரையில், முப்பத்தோராம் பாடத்தில் அது பாதியாகக் கிடைத்தது. "பையை நான் கொண்டுபோனேன்." நிக் போல்சா எராமன் நுவென். நிக் என்றால் நான். போல்சா பை. பையை எடுத்துவிட்டு அந்த இடத்தில் நீ என்பதற்கான சு என்ற சொல்லை வைத்தாள். நிக் சு எராமன் நுவென். உன்னை நான் கொண்டுபோனேன். வண்டி என்றால் அவுதோ, வண்டிக்கு என்றால் அவுதோரா. அதைக் கடைசியில் சேர்த்தாள். வரி முழுதாக நின்றது. விரல்களைப் பிரித்தேன் என்பதற்கு எந்தப் பாடத்திலும் ஒன்றும் இல்லை. கடைக்குப் போவது, ரயிலேறுவது, காப்பி கேட்பது, மழை பெய்கிறது என்பது, இதெல்லாம்தான் இருந்தது. தொடக்கத்தில் இருப்பவர்களுக்கு அதெல்லாம் தேவைப்படாது என்று நினைத்திருப்பார்கள்.

ஆனி மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம் அமாயா கூப்பிட்டாள். ராஜபாண்டியன் அன்றைக்கு இல்லை. சும்மா முகம் பார்ப்பதற்காக அவள் இப்படி அவ்வப்போது கூப்பிடுவாள். இரண்டு பக்கமும் சிரித்துக்கொண்டு, கை ஆட்டிவிட்டு, ஐந்து நிமிடத்தில் வைத்துவிடுவார்கள். அங்கே காலை. அவள் கையில் ஒரு கோப்பை இருந்தது. அம்மா ரசத்துக்குப் புளி கரைத்துக்கொண்டிருந்தவள், ஈரக் கையோடு வந்து வேல்விழி தோளுக்குப் பின்னால் நின்றாள்.

வேல்விழி போனைச் செம்பில் சாய்த்து வைத்தாள். முதலில் எளிதானதைச் சொல்லிப் பார்ப்போம் என்று நினைத்தாள்.

"கைஷோ, அமாயா. யான் துசு?"

வணக்கம் அமாயா, சாப்பிட்டியா. அமாயா கோப்பையை வாய்க்குக் கொண்டுபோனவள் அப்படியே நிறுத்தினாள். என்ன சொன்னாய் என்பது போலப் புருவத்தைத் தூக்கினாள். வேல்விழி திரும்பச் சொன்னாள். அமாயா கையால் வாயை மூடிக்கொண்டாள். பிறகு கையை எடுத்துவிட்டு, "ஹான் துசு," என்றாள். பாடத்தில் யகரமாகச் சொல்வதை அவள் ஊரில் தொண்டையிலிருந்து சொல்வார்கள் போல. வேல்விழியும் "ஹான் துசு" என்றாள். இருவரும் சிரித்தார்கள். அதற்குப் பிறகு அமாயா பேச ஆரம்பித்துவிட்டாள். அந்தக் குரலில். அந்த வேகத்தில். திரும்பி உள்ளே யாரையோ கூப்பிட்டாள், மறுபடி இவளைப் பார்த்துக் கொட்டினாள். பத்தில் ஒரு சொல்கூட வேல்விழிக்குப் பிடிபடவில்லை. எச்சே என்பது ஒருமுறை போனது. ஐஸ்பா என்பது இரண்டு தடவை. அவள் பேசுவதை வேல்விழி அப்படியே பார்த்துக்கொண்டிருந்தாள். மழை வருவதை வாசலில் நின்று பார்ப்பதுபோல, நிறுத்தச் சொல்ல மனம் வரவில்லை.

அமாயா மூச்சு வாங்கி நிறுத்திய இடத்தில் வேல்விழி சொன்னாள்.

"நிக் சு எராமன் நுவென். அவுதோரா."

அமாயாவுக்குப் புரியவில்லை. காதைத் திரைக்குக் கிட்டே கொண்டுவந்தாள். வேல்விழி ஒவ்வொரு சொல்லாக நிறுத்திச் சொன்னாள். சொல்லும்போது இடது இடுப்பு தன்னால் சாய்ந்ததும், ஒரு கை அங்கே எதையோ அணைத்து நின்றதும் அவளுக்குத் தெரியவில்லை.

வழியில் சிக்னல் அறுந்துவிட்டதோ என்று நினைக்கிற அளவுக்கு அந்த முகம் அசையாமல் இருந்தது. பிறகு, "சு?" என்றாள் அமாயா. நீயா?

வேல்விழி தன் நெஞ்சில் கை வைத்து, "நிக்," என்றாள். ஒன்பது விரலைத் தூக்கிக் காட்டினாள். அன்றைக்குத் தனக்கு இருந்த வயதை.

அமாயா கீழே குனிந்துகொண்டாள். வகிடு மட்டும் தெரிந்தது. நிமிர்ந்தபோது கண்ணைத் துடைக்கவில்லை, அப்படியே வழியவிட்டாள். கோப்பையைத் தூக்கித் திரைக்கு முன்னால் காட்டினாள். அதை மேஜையின் இந்தப் பக்கத்திலிருந்து அந்தப் பக்கம் நகர்த்தி, "எராமன் நுவென்," என்றாள். கோப்பையை விட்டுவிட்டுத் தன் நெஞ்சில் கை வைத்தாள். தலையை இல்லை என்று ஆட்டினாள்.

"சிந்துதான்," என்றாள். "நிக் எராமன் சிந்துதான்."

வேல்விழிக்குப் புரிய ஒரு கணம் ஆனது. நுவென் பொருளுக்கு. பைக்கு, குடைக்கு, கோப்பைக்கு. உன்னை என்று சொன்னால் வினையே வேறாகிவிடும் போல. இரண்டு மாதமாகத் தங்கையைப் பையைச் சொல்வதுபோலச் சொல்லிப் பழகியிருக்கிறாள்.

"நிக் எராமன் சிந்துதான்," என்றாள் வேல்விழி.

அமாயா சரி என்று தலையை ஆட்டினாள். மறுபடி சொல்லச் சொல்லிக் கையைக் காட்டினாள். வேல்விழி சொன்னாள். இன்னொரு தடவை கேட்டாள். இன்னொரு தடவை சொன்னாள். சரியாகச் சொல்லிவிட்ட பிறகும் அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள்.

பிறகு அமாயா சட்டென்று எழுந்தாள். "சதோஸ்தே," என்றாள். அந்தச் சொல் வேல்விழிக்குத் தெரியும். இருபத்திரண்டாம் பாடம். பலரை அழைக்கும்போது, வாங்க. "சதோஸ்தே நிரேகின்." என்கூட வாங்க. போனைக் கையில் எடுத்தாள். திரையில் மேற்கூரை வந்தது, கதவு வந்தது, மரப் படிக்கட்டு ஒன்று ஆடிக்கொண்டே கீழே போனது.

"எங்கன போறா?" என்றாள் அம்மா.

"தெரியலம்மா. நம்மளைக் கூப்பிடுறா."

அம்மா வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். புளித்தண்ணீர் காய்ந்து கோடு கோடாய் இருந்த, தோல் சுருண்டு மினுங்குகிற கைகளை அவள் இன்றைக்கு முந்தானைக்குள் வைக்கவில்லை. திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒரு தெரு வந்தது. கல் பாவிய ஈரத் தெரு. அவள் நடக்க நடக்க அது குலுங்கியது.

"நீதேன் தூக்கிட்டுப் போனன்னு சொல்லிட்டியா?"

வேல்விழி திரும்பினாள். அம்மா திரும்பவில்லை.

"ஆமாம்மா."

"ம்."

தெரு ஒரு திருப்பத்தில் திரும்பியது. யாரோ ஒரு கிழவர் கடந்துபோனார். அமாயா அவரிடம் என்னவோ சொல்லிக்கொண்டு போனைத் தூக்கி இவர்களைக் காட்டினாள். கிழவர் குல்லாயை எடுத்தார். அம்மா அவரைப் பார்த்துக் கை கூப்பினாள். கூப்பிய கையை இறக்காமலே கேட்டாள்.

"அன்னைக்கு அளுதாளா?"

இருபத்திரண்டு வருடத்தில் அம்மா அதைக் கேட்டது அதுதான் முதல் தடவை. வேல்விழி தன் சட்டைக் கழுத்தைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள்.

"இல்லம்மா," என்றாள். "தூங்கிட்டு இருந்தா."

அம்மா கேட்டுக்கொண்டாள். நம்பினாளா என்று தெரியவில்லை. திரையில் ஒரு பாலம் வந்தது. அதன் கைப்பிடிச் சுவரில் அமாயாவின் இன்னொரு கை தெரிந்தது. அவள் ஏதோ சொல்லிக்கொண்டே சுவருக்கு வெளியே போனை நீட்டினாள். கீழே ஆறு, வேகமாக, பழுப்பாக ஓடிக்கொண்டிருந்தது. அதன் சத்தத்தில் அவள் பேசுவது கேட்கவில்லை. அம்மாவும் மகளும் திரைமேல் இன்னும் கொஞ்சம் குனிந்தார்கள், விழுந்துவிடாமல் ஒருத்தி தோளை ஒருத்தி பிடித்துக்கொண்டு.